பேராசிரியர் சுந்தரம் பிள்ளையவர்கள் வாழ்வும் ஆராய்ச்சியும்

உலகத்துப் பொருள்களை அறிதல் ஒன்று. அப்பொருள்களை அறிகின்ற உயிர் இன்னதென அறிதல் மற்றொன்று. முன்னையதனை இக்காலத்தார் விஞ்ஞானம் என்பர். பின்னையதனை நம் முன்னோர் மெய்யுணர்வு என்றனர். இவ்விரண்டும் ஒன்றற்கொன்று பகையோ துணையோ என்னும் வினா இன்று நேற்று எழுந்ததன்று. தேனிக்கும் கூடலூருக்கும் இடைப்பட்ட நம் கம்பம் பள்ளத்தாக்கிற் சைவ அன்பர்கள் கூடுமிடத்து இவ்வினா பலகாலும் எழக் காண்கின்றோம். பிள்ளைகள் கல்லூரி புகுந்து பௌதிகமும் உயிர்நூலும் பயின்று மீளுங்கால், திருநீற்றின்கண்ணும் திருமுறையின்கண்ணும் முன்போற் பற்றுடையராய் இருப்பரோ எனப் பெற்றோர் அஞ்சுகின்றனர். உணர்வென்பது மூளையின் தொழிலேயன்றி வேறில்லை என ஒரு மாணாக்கன் சொல்லிவிடின், விடை கூறமாட்டாது முதியோர் முகந்திருப்பிக்கொள்வதும் உண்டு. அஞ்சுதலும் முகந்திருப்புதலும் விடையாகா. இவ்வினாவைத் தம் வாழ்நாள் முழுதும் நேர்நின்று நோக்கிய ஒருவரின் வரலாற்றை ஈண்டு எடுத்துரைத்தல் பயனுடைத்தென யாம் எண்ணுகின்றோம். அவர், மனோன்மணீயம் என்னும் நாடக நூலை இயற்றிய பேராசிரியர் பெ. சுந்தரம் பிள்ளையவர்கள்.

அவர்தம் பெயரைக் கேளாத தமிழர் அரியர். 1970ஆம் ஆண்டு முதல் அரசு விழாக்களின் தொடக்கத்திற் பாடப்பெற்று, 2021ஆம் ஆண்டில் மாநிலப் பாடலென அறிவிக்கப்பெற்ற தமிழ்த்தாய் வாழ்த்து, அந்நாடகத்தின் முகப்பிலுள்ள தமிழ்த்தெய்வ வணக்கத்தினின்று எடுக்கப்பெற்றதாகும். 1990ஆம் ஆண்டு திருநெல்வேலியில் நிறுவப்பெற்ற பல்கலைக்கழகமும் அவர் பெயரையே தாங்கி நிற்கின்றது. ஆயினும் அவ்வாழ்த்தினை நாடோறும் பாடுவோருட் பலர், அதனை இயற்றியவர் தத்துவநூல் கற்பித்தலையே தொழிலாகக் கொண்டவர் என்பதனையும், சைவசபை ஒன்றினைத் தோற்றுவித்தவர் என்பதனையும், நம் சமயாசாரியருள் முதல்வராகிய ஆளுடைய பிள்ளையாரின் காலத்தை வரையறுக்கப் பெரிதும் உழைத்தவர் என்பதனையும் அறியார். அறியாமைக்குக் காரணம் அவர்தம் நூல்கள் அருகியமை மட்டுமன்று. புலவர்க்கு அவர் நாடகாசிரியர், வரலாற்றார்க்கு அவர் கல்வெட்டாளர், சைவர்க்கு அவர் ஓரளவு ஐயத்திற்குரியவர் என, அவரை நாம் கூறுபடுத்திக்கொண்டமையே பெருங்காரணமாம். அவர் வாழ்வினை ஒருங்கு வைத்து நோக்குவார்க்கு அது ஒரே தேட்டத்தின் பல முகம் என்பது விளங்கும்.

பிள்ளையவர்கள் 1855ஆம் ஆண்டு மலைநாட்டு ஆலப்புழையிற் பிறந்தார். தந்தையார் பெருமாள் பிள்ளை, தாயார் மாடத்தியம்மையார். குடும்பத்தார் வாணிகத்தின் பொருட்டுத் தமிழ்நாட்டினின்று மலைநாடு சென்று குடியேறியவர். இத்தகைய குடிகளில் வெளியே வழங்குவது மலையாளமாகவும், இல்லத்துள் வழங்குவது தமிழாகவும், வழிபாடு சைவமாகவும் இருத்தல் இயல்பு. அவர்க்குத் தமிழ் கற்பித்தவருள் ஒருவர் நாகப்பட்டினம் நாராயணசாமிப் பிள்ளையவர்கள். இப்பெரியாரிடமே பின்னாளில் வேதாசலம் என்னும் இளைஞரும் பயின்றார்; அவ்விளைஞரே மறைமலையடிகளெனப் பின்னர் விளங்கினார் என்பதை நம் வாசகர் அறிவர். ஓராசிரியரின் இருவேறு மாணாக்கர் இருவேறு வகையாற் சைவத்திற்கும் தமிழுக்கும் தொண்டாற்றியமை எண்ணுதற்கு இனிது.

ஆங்கிலக் கல்வியைத் திருவனந்தபுரத்து மகாராஜா கலாசாலையிற் பெற்று, 1876ஆம் ஆண்டு பி. ஏ. பட்டம் எய்தினார். அடுத்த ஆண்டிற் சிவகாமியம்மையாரை மணந்தார். அக்காலத்தே திருநெல்வேலியில், பிற்காலத்து இந்துக் கலாசாலையென வளர்ந்த ஆங்கிலப் பள்ளிக்குத் தலைமையாசிரியர் ஒருவர் வேண்டப்பட்டார். பிள்ளையவர்கள் அவ்விடத்தை ஏற்றுச் சென்றார். அப்போது அவர்க்கு வயது 22. சம்பளத்தின் பொருட்டு நேர்ந்த அவ்விடமாற்றம், அவர்தம் உள்ளத்தையே மாற்றுதற்குத் திருவருள் வகுத்த வழியாயிற்று. திருநெல்வேலிக்கு அணித்தாய்ப் பொருநைக் கரையிலுள்ள கோடகநல்லூரில் எழுந்தருளியிருந்த சுந்தர சுவாமிகளை அவர் கண்டதும், அவர்பால் ஞானநூற் பொருளைக் கேட்டதும், அவரையே ஞானாசிரியராகக் கொண்டதும் அக்காலத்தேயாம்.

ஈண்டு ஒன்று கருதற்பாலது. ஒருபுறம் ஐரோப்பியர் தத்துவ நூல்கள். அவற்றின் முறை, யாதொன்றையும் ஐயுற்று, கூறுபடுத்து, கண்டதன்மேற் காணாததனைக் கருதிச் செல்லும் முறை. மறுபுறம் ஆசிரியன் திருமுன் அமர்ந்து, கேட்டு, சிந்தித்து, தெளிந்து, நிட்டை கூடும் முறை. இவ்விரண்டில் ஒன்றைத் தழுவியவர் மற்றொன்றை இகழ்தல் அக்காலத்துக் கற்றாரிடைப் பெருவழக்கு. ஆங்கிலங் கற்றார் மடத்தை மூடநெறியின் உறைவிடம் என்றனர். மடத்தார் ஆங்கிலக் கல்வியை நாத்திகத்தின் வாயில் என்றனர். இருபத்திரண்டு வயதினராகிய பிள்ளையவர்கள் இரண்டினையும் ஏற்றார். கலாசாலையிற் கற்றது குருவின் திருமுன் நில்லாதெனின் அதனை விடுவதும், குருவினிடங் கேட்டது ஆராய்ச்சிக்கு அஞ்சுமெனின் அதனை ஐயுறுவதும் நேர்மையாகும் என்னுந் துணிவு, அவர்தம் பிற்கால எழுத்துகள் அனைத்தினும் ஊடுருவி நிற்பதனை யாம் காண்கின்றோம்.

திருநெல்வேலியிற் சில ஆண்டே தங்கியபின் அவர் திருவனந்தபுரம் மீண்டார். அங்கே தத்துவப் பேராசிரியராயிருந்த டாக்டர் ராபர்ட் ஹார்வி என்னும் ஆங்கிலேயர் அவர்தம் ஆற்றலை நன்கறிந்து பேணினார். 1880ஆம் ஆண்டு தத்துவத்தில் எம். ஏ. பட்டம் பெற்றார். பின்னர்ச் சில ஆண்டுகள் திருவிதாங்கூர் அரசின் வருவாய்த் துறையில் அதிகாரியாய் அமர்ந்து, 1885ஆம் ஆண்டு ஹார்வியவர்கள் நீங்கிய இடத்திலே தத்துவப் பேராசிரியரானார். தம் ஆசிரியர்பாற் கொண்ட நன்றியை அவர் எஞ்ஞான்றும் மறந்திலர். மனோன்மணீயத்தை ஹார்வியவர்கட்கே உரிமையாக்கினார். பேரூர்க்கடையில் தாம் அமைத்துக்கொண்ட இல்லத்திற்கும் ஹார்விபுரம் எனப் பெயரிட்டார். சமயம் வேறாயினும் அறிவு கொளுத்தினாரை ஆசிரியராகப் போற்றும் இப்பண்பு சைவர்க்கு உரியதே.

அவர் பேராசிரியராய் அமர்ந்த அவ்வாண்டே, திருவனந்தபுரத்திற் சைவப்பிரகாச சபை தோன்றிற்று. கலாசாலையிற் பகலெல்லாம் மேல்நாட்டுத் தத்துவங் கற்பித்த ஒருவர், சைவநூற் பயிற்சியும் சொற்பொழிவும் நிகழ்தற்கு ஒரு சபை காண முற்பட்டமை அந்நாளில் எளிய செயலன்று. உத்தியோகத்திற்கு ஒரு முகமும் வீட்டிற்கு ஒரு முகமும் வைத்துக்கொள்ளுங் கற்றோர் மலிந்த காலத்தில், அவர் தம் முகம் ஒன்றேயென நின்றார்.

அவர் கருத்தை விளக்குதற்கு நம் பள்ளத்தாக்கினின்றே ஓருவமை காட்ட விரும்புகின்றோம். பிள்ளையவர்கள் பேராசிரியரான மறு ஆண்டு, 1886 அக்டோபரில், திருவிதாங்கூர் அரசும் சென்னை மாகாண அரசும் பெரியாற்று ஒப்பந்தத்திற் கையொப்பமிட்டன. மேற்கே ஓடி அரபிக்கடலில் வீழ்ந்த ஆற்றினை அணையால் தடுத்து, மலையைக் குடைந்த சுருங்கை வழியே கிழக்கே திருப்பி, வைரவனாறு சுருளியாறுகளின் வழியாக வைகையிற் சேர்ப்பதே அத்திட்டம். பென்னிகுவிக் என்னும் பொறியாளரின் தளரா உழைப்பால் அது முற்றி, 1895 அக்டோபரில் நீர் திறக்கப்பெற்றது. அவ்வேலையிற் பிள்ளையவர்கட்குப் பங்கு யாதுமில்லை. ஆயின் அதே ஆண்டுகளில், மலைக்கு அப்பால் அமர்ந்து, அவரும் வேறொரு நீரைத் திருப்பிக்கொண்டிருந்தார். மேற்கே பெருகி ஓடிய அறிவுநூல் வெள்ளத்தைத் தமிழ்நிலத்திற் பாய்ச்ச வேண்டுமென்பதே அவர் நோக்கம். நீரைத் திருப்பினாரன்றி நிலத்தைப் பெயர்த்தாரல்லர். பெரியாற்று நீர் பாய்ந்தும் கம்பத்து வயலில் விளைவது நம் நெல்லேயன்றோ? அங்ஙனமே, புறத்தினின்று வரும் அறிவு தமிழிற் கலந்தும், விளைவது தமிழ்க் கருத்தாய் இருத்தல் வேண்டுமென அவர் கருதினார்.

அதன் முதற்பயனாய் 1888ஆம் ஆண்டில் நூற்றொகை விளக்கம் என்னும் நூல் வெளிவந்தது. அறிவுத்துறைகள் பலவற்றையும் மேல்நாட்டார் வகுத்த முறையினைத் தழுவித் தமிழிலே தொகுத்தும் வகுத்தும் காட்டுவது அந்நூல். தமிழ் உரைநடை பெரும்பாலும் கதைக்கும் கண்டனத்திற்குமே பயன்பட்டுவந்த நாளில், சாத்திரங்கள் எத்தனை, அவை ஒன்றையொன்று எவ்வாறு சார்ந்து நிற்கின்றன, எது எதற்கு அடிப்படை என்னும் ஆராய்ச்சியைத் தமிழிலே நிகழ்த்தியமை புதுமையாம். சித்தாந்தம் பயின்றார்க்கு அம்முறை முற்றிலும் புதிதன்று. பிருதிவி முதலாக நாதம் ஈறாகத் தத்துவங்களை 36 என எண்ணி, ஒன்றன்பின் ஒன்றாய் நீக்கி, நீக்கப்பட்டவற்றிற்கெல்லாம் வேறாய் நின்று அறிவது உயிரெனத் துணியும் நெறி நம்முடையது. தொகுத்தலும் வகுத்தலும் நமக்கு வீடுபேற்றின் படிகள். அறிவுநூல்களை முறைப்படுத்திக் காட்டிய பிள்ளையவர்களும் அறியப்படுவனவற்றின் எல்லையை வரைந்தார். அவ்வெல்லைக்கு அப்பால் எஞ்சுவது அறிகின்ற உயிரன்றோ?

இவ்விடத்து, மாணாக்கன் எழுப்பிய வினாவினை எடுத்துக்கொள்வோம். மூளைக்கு ஊறு நேரின் நினைவு அழிகின்றது. மருந்து செலுத்தின் உணர்வு மறைகின்றது. ஆகலின் உணர்வு மூளையின் தொழிலே என்பது அவன் கூற்று. பிள்ளையவர்கள் காலத்தே ஐரோப்பாவில் உடற்கூற்று நூலார் பலர் இங்ஙனம் கூறத் தொடங்கியிருந்தனர். இன்று நரம்பு நூல் மிக வளர்ந்து, அச்சார்ச்சியை நுட்பமாய்க் காட்டுகின்றது. இதனைக் கேட்டுச் சைவர் வெருள வேண்டுவதில்லை. உயிர் தானே எல்லாவற்றையும் அறிய வல்லது, உடம்பு அதற்கு வேண்டா என்று சொல்வார்க்கே இச்செய்தி இடராம். நம் நூல்களோ, கருவிகளை இழந்து கேவலத்திற் கிடக்கும் உயிர் ஒன்றையும் அறியாதெனத் தெளிவாய்க் கூறுகின்றன. கலை முதலியன கூடியபோதே அதற்கு அறிவு விளங்கும். விளக்கு அவிந்தவிடத்துக் கண் காணாது; அதனால் விளக்கே கண்ணென்று துணிவார் இலர். விளக்கின் ஒளி எவ்வளவு, திரி எவ்வாறு எரிகின்றது என்பனவற்றை அளந்து சொல்வது விஞ்ஞானத்தின் தொழில். அதனை நாம் நன்றியோடு ஏற்போம். காண்பது எது என்னும் வினா அவ்வளவையுள் அடங்காது எஞ்சி நிற்கும். அதனை ஆராய்வது சித்தாந்தத்தின் தொழில். விடை கூறுதற்கு இவ்விரு தொழிலையும் அறிந்தார் வேண்டும். பிள்ளையவர்கள் போன்றார் அருமை இங்கேதான் விளங்குகின்றது.

இனி, அவர்க்குப் பெரும்புகழ் தந்த மனோன்மணீயத்தை நோக்குவோம். லிட்டன் பிரபு என்னும் ஆங்கிலப் புலவர் எழுதிய இரகசிய வழி என்னுஞ் சிறு கதைப்பாட்டினைக் கருவாகக் கொண்டு, ஐந்து அங்கமாய் விரித்து, 1891ஆம் ஆண்டு இந்நாடகத்தை அவர் வெளியிட்டார். கருவே பிறர்பாற் பெற்றது. உடலும் உயிரும் அவர் தந்தன. மதுரையை விட்டுத் திருநெல்வேலியிற் புதுக்கோட்டை எடுத்த பாண்டியன் சீவகன், வஞ்சமிக்க அமைச்சன் குடிலனை நம்புகின்றான். அரசனின் குரு சுந்தர முனிவர், கோட்டைக்குள் ஓரறையை வேண்டிப் பெற்று, அங்கிருந்து தம் ஆசிரமம் வரை ஒருவரும் அறியாது சுருங்கை ஒன்று அமைக்கின்றார். அரசன் மகள் மனோன்மணியும் சேரன் புருடோத்தமனும் ஒருவரையொருவர் கண்டதில்லை. இருவரும் கனவிலேயே கண்டு காதலுறுகின்றனர். குடிலன் சூழ்ச்சியாற் போர் மூள, சீவகன் தோற்று இடருற, இறுதியில் குடிலன் தன் அரசனைக் காட்டிக்கொடுக்கச் சுருங்கை வழியே பகைவன் பாசறை புக, புருடோத்தமன் அவனைத் தளையிட்டு, அவ்வழியே அரண்மனை புகுந்து மனோன்மணியைக் கூடுகின்றான்.

கதையாய்ப் படிப்பார்க்கு இது கதை. பெயர்களையே உற்றுநோக்குவார்க்கு வேறொரு பொருள் தோன்றாதிராது. சீவகன் என்பான் சீவன்; குடிலன் என்பான் அச்சீவனை வளைத்து நிற்குங் கோணல்; மனோன்மணி என்னும் பெயர் சிவசத்தியின் திருப்பெயர்; புருடோத்தமன் உயிர்கட்கெல்லாம் மேலாயவன்; சுந்தர முனிவரோ ஆசிரியர் தம் ஞானகுருவின் திருநாமத்தையே பூண்டு நிற்கின்றார். கோட்டையும் மதிலும் சேனையும் சீவனைக் காத்தில. குரு முன்னரே அமைத்து வைத்த மறைவழி ஒன்றே காத்தது. தான் இடருறுவதற்கு நெடுநாள் முன்னரே தன்பொருட்டு அவ்வழி அமைக்கப்பட்டது என்பதனைச் சீவகன் அறியான். திருவருள் உயிர்க்கு உதவும் முறை இதுவன்றோ? அதனினும் வியப்பு, வஞ்சகனாகிய குடிலன் தீமை கருதிப் புகுந்த அவ்வழியே நன்மைக்கு வாயிலாயினமை. மலமறைப்பையும் இறைவன் மறக்கருணையாய்க் கொண்டு பக்குவம் விளைவிப்பான் என்னும் நம் கொள்கைக்கு இதனைவிட இனிய கதை காட்டல் அரிது.

கனவினைக் குறித்தும் ஒன்று கூறுவோம். காணாத இருவர் கனவிற் கண்டனர் என்பது காவியங்களிற் பழைய வழக்கே. தத்துவம் கற்பித்த ஒருவர் அதனை நாடகத்தின் உயிர்நிலையாக வைத்தமைக்கு ஆழ்ந்த காரணம் உண்டென யாம் கருதுகின்றோம். சாக்கிரத்தில் 35 கருவிகளோடு புருவநடுவில் நிற்கும் உயிர், சொப்பனத்திற் புறக்கருவிகள் ஒழிந்து 25 கருவிகளோடு கண்டத்தில் நிற்குமென நம் நூல்கள் கூறும். புறக்கண் மூடியும் காட்சி உண்டாகின்றது. புறச்செவி அடைத்தும் ஓசை எழுகின்றது. ஆகவே அறிவென்பது பொறிகளில் முடிந்துவிடுவதன்று. ஐம்பொறியாற் கண்டதே மெய்யென்பார்க்கு விடையாக, நாடோறும் ஒவ்வொருவரும் உறங்கி எழுந்து காணும் அனுபவத்தையே ஆசிரியர் கதையின் வித்தாக ஊன்றினார்.

விஞ்ஞானமும் அந்நாடகத்துள் வாயில்தோறும் நின்று காவல்செய்யவில்லை. வயலிலே இறங்கி வேலை செய்கின்றது. நடராசன் என்னும் இளைஞன் தனியே நின்று புல்லினையும் ஓடும் நீரினையும் நாங்கூழ்ப் புழுவினையும் நோக்கி வியக்கும் பகுதி, கற்றார் அனைவரும் போற்றுவதாம். சிறு புல் தன் வித்தினைப் பரப்பும் திறமும், ஒருவரும் மதியாத புழு மண்ணை உண்டு உமிழ்ந்து உழவர்க்கு உதவும் அருமையும் அங்கே விரிக்கப்படுகின்றன. டார்வின் என்னும் இங்கிலாந்து நாட்டு அறிஞர் மண்புழுக்களின் தொழிலை நெடுநாள் ஆராய்ந்து 1881ஆம் ஆண்டில் நூலாக வெளியிட்டார். பத்தாண்டு கழித்து மனோன்மணீயம் வந்தது. உயிர்நூலார் புழுவில் இயற்கையின் விதியைக் கண்டனர். நம் ஆசிரியர் அவ்விதியை மறுத்திலர். அதனூடே பிறர்க்குதவும் அருளின் குறிப்பினையும் கண்டார். கண்ட செய்தி ஒன்றே. கண்ட கண் ஆழமுடையதாயிற்று. இப்பகுதியை நம் பாடசாலைகளிற் பிள்ளைகட்குச் சைவரே எடுத்துக் கற்பித்தல் நலம்.

முனிவரின் மாணாக்கராய் நிட்டாபரர், கருணாகரர் என இருவர் அந்நாடகத்தில் வருகின்றனர். ஒருவர் உலகத்தை விட்டு ஒதுங்கி நிட்டை கூடுதலையே பொருளென்பார். மற்றவர் உலகம் இறைவன் அருள் விளங்குமிடமாதலின் உயிர்கட்குத் தொண்டு செய்தலைப் பெரிதென்பார். பெயர்களே அவர் நிலையை உணர்த்தும். இவ்வுரையாடல் ஆசிரியர் தம் உள்ளத்துள் நிகழ்ந்த உரையாடலே என்பது எம் கருத்து. கோடகநல்லூரிற் கேட்டது ஒருபால்; கலாசாலையும் சபையும் நாடும் இழுத்தது ஒருபால்.

அடுத்து, சைவவுலகம் அவர்க்கு என்றும் கடப்பாடுடையதாகிய தொண்டினைக் கூறுவோம். கால்டுவெல் ஐயர், ஆளுடைய பிள்ளையார் திருத்திப் பணிகொண்ட கூன்பாண்டியனை மார்க்கோ போலோ குறித்த சுந்தர பாண்டியனாகக் கொண்டு, பிள்ளையார் காலத்தைக் கி. பி. பதின்மூன்றாம் நூற்றாண்டுக்குத் தள்ளினார். இதனைக் கேட்ட சைவர் வருந்தினர், சிலர் வைதனர். வைதலாற் காலம் மாறாது. பிள்ளையவர்கள் ஆங்கிலத்திலேயே, வரலாற்று நூலார் ஏற்கும் முறையிலேயே, விடை எழுதினார். பிற்காலத்து ஆசிரியரினின்று முற்காலத்து ஆசிரியர்க்கு, ஒருவர் மற்றவரைக் குறிப்பிடும் சான்றுகளைப் பற்றி, படிப்படியாய்ப் பின்னோக்கி ஏறி, பிள்ளையார் ஏழாம் நூற்றாண்டுக்குப் பிற்பட்டவர் ஆகார் என நிறுவினார். வாதாபிப் போரிற் பங்குகொண்ட சிறுத்தொண்டரைப் பல்லவன் நரசிம்மவர்மன் காலத்தோடு பொருத்தி, கல்வெட்டறிஞர் வெங்கையா காட்டிய சான்றும் அம்முடிபினையே வலியுறுத்திற்று. ஆறு நூற்றாண்டுப் பிழை, ஆராய்ச்சியால் நீங்கிற்று. சமயத்தைக் காத்தது ஆராய்ச்சி மறுப்பன்று, மேலான ஆராய்ச்சியே என்பதற்கு வேறு சான்று வேண்டுமோ?

கோயில்தோறும் சென்று வட்டெழுத்துக் கல்வெட்டுகளைப் படியெடுத்து, அவற்றைக்கொண்டு திருவிதாங்கூரின் பண்டை அரசர் சிலரைப் பற்றி 1894ஆம் ஆண்டு ஆங்கில நூலொன்றும் வெளியிட்டார். பத்துப்பாட்டினைப் பற்றியும் ஆங்கிலத்தில் எழுதினார். பாண்டியர் காலவரலாற்றை அவர் தேடிய அந்நாளில், அவர்க்குப் பேருதவியாய் இருந்திருக்கக்கூடிய சான்று ஒன்று நம் பள்ளத்தாக்கிலேயே உறங்கிக்கிடந்தது. சின்னமனூர்ச் செப்பேடுகளையே குறிக்கின்றோம். பாண்டியர் மரபினை எடுத்துரைத்து, மகாபாரதத்தைத் தமிழ்ப்படுத்தியதும் மதுரையிற் சங்கம் வைத்ததும் கூறும் பெரிய சின்னமனூர்ச் செப்பேடு, பாண்டியன் இராசசிங்கன் காலத்தது. அவை அறிஞர் ஆராய்ச்சிக்கு வந்தது இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில். பிள்ளையவர்கள் அதற்குள் மறைந்துவிட்டார். சுருளியாற்றங்கரைக் கோயிலுக்குச் செல்லுந்தோறும் இந்நினைவு எம்மை வருத்துவதுண்டு.

இனி, சைவர் சிலர் உள்ளத்துள்ள ஐயத்தையும் மறையாது எடுத்துக்கொள்வோம். கோடகநல்லூர்ச் சுவாமிகள் நெறி வேதாந்தச் சார்புடையது. பிள்ளையவர்கள் எழுத்திலும் உயிரும் இறையும் ஒன்றெனும் சாயல் ஆங்காங்கே தோன்றும். முப்பொருள் உண்மையும், அத்துவிதம் என்பது பொருளால் ஒன்றாதலன்று, கலப்பினால் வேறறநிற்றல் என்னும் மெய்கண்டார் கொள்கையும் நம் உயிர்நிலையாதலின், அச்சாயலை நாம் ஏற்பதற்கில்லை. ஆயினும் குறை கூறுமுன் ஒன்றை நினைத்தல் வேண்டும். மாதவச் சிவஞான யோகிகள் அருளிய மாபாடியம், ஏகான்மவாதத்தை வேரொடு களைந்து அத்துவிதத்தின் மெய்ப்பொருளை நிறுவும் பெருநூல். பிள்ளையவர்கள் வாழ்நாளில் அது முழுதும் அச்சேறி உலகிற்கு வந்திலது. ஏட்டுச்சுவடியாய் மடத்துள் பேணப்பட்டிருந்தது. மேல்நாட்டுத் தத்துவம் அனைத்தும் அச்சுநூலாய் அவர் மேசைமேற் கிடக்க, அவற்றிற்கு விடையாகிய நம் நூலோ பேழைக்குள் இருந்தது. குறை யாருடையது? ஏடுகளைப் பேணியமைக்கு மடங்களை எத்துணைப் போற்றினும் தகும். பிற்காலத்தே அவற்றை அச்சிட்டு அளித்தமைக்கும் அங்ஙனமே. காலம் தாழ்த்தியதனால் இழந்தது என்ன என்பதனையும் நாம் அஞ்சாது எண்ணிப்பார்த்தல் வேண்டும். நாம் இழந்தவற்றுள், மாபாடியம் பயின்ற சுந்தரம் பிள்ளையவர்கள் ஒருவர்.

1896ஆம் ஆண்டு அரசினர் அவர்க்கு ராவ் பகதூர் பட்டம் அளித்தனர். அதனை அவர் நெடுநாள் துய்த்திலர். 1897ஆம் ஆண்டு ஏப்ரல் 26ஆம் நாள், தம் 42ஆம் வயதில், உடல் நீத்தார். அவர் மகனார் நடராச பிள்ளை அப்போது ஆறாண்டுக் குழந்தை. பின்னாளில் அவர் திருவிதாங்கூர்-கொச்சி நாட்டின் நிதியமைச்சராய் விளங்கினார். பிள்ளையவர்கள் மறைந்து இரண்டு திங்கள் கழியுமுன், 1897 சூனில், நல்லசாமிப் பிள்ளையவர்கள் சித்தாந்த தீபிகை என்னும் பத்திரிகையைத் தொடங்கினார். ஒரு விளக்கு அவியும்போது மற்றொரு விளக்கு ஏற்றப்பட்டது. சிவஞானபோதத்தை ஆங்கிலத்தில் ஆக்கி 1895ஆம் ஆண்டு வெளியிட்ட அப்பெரியாரும், பிள்ளையவர்களும், தத்தம் வழியில் ஒரே தொண்டினைச் செய்தவர்களே.

இவ்வரலாற்றினின்று நாம் கொள்ளத்தக்கது யாது? பிள்ளையவர்கள் கொள்கை அனைத்தையும் கொள்ளல் வேண்டுமென யாம் கூறவில்லை. அவர் நின்ற நிலையினைக் கொள்ளல் வேண்டும். விஞ்ஞானத்தைக் கண்டு அவர் அஞ்சவுமில்லை. அதன் அடியில் வீழ்ந்து வணங்கவுமில்லை. அளக்கத்தக்கதனை அளந்தார், அளக்கின்ற உயிரை அளவைக்குள் அடைக்க ஒருப்பட்டிலர். ஐயம் எழுந்தவிடத்து ஆராய்ந்தார். ஆராய்ந்து கண்டதனைத் தமிழிலும் ஆங்கிலத்திலும், ஏற்பார் முன்னும் மறுப்பார் முன்னும் வைத்தார். நம் மடங்களிற் சித்தாந்த வகுப்பு நடத்துவோர், உயிர்நூலும் நரம்பு நூலும் கற்றார் ஒருவரை ஆண்டிற்கொருமுறையேனும் அழைத்து, அவர் கூறுவதனை முழுதும் கேட்டு, பின் மெய்கண்ட நூலின் வழிநின்று விடை பகர்வாராயின், அதுவே பிள்ளையவர்கட்குச் செய்யும் சிறந்த நினைவுக்கடனாம். கல்லூரிப் பிள்ளைகள் அன்று வகுப்பின் பின்னிருக்கையில் அமர்ந்திருப்பின், பெற்றோர் அஞ்ச வேண்டுவதுமில்லை.

நம் பள்ளத்தாக்கிலும் அத்தகைய கூட்டம் ஒன்றினை வரும் திங்களிற் கூட்டக் கருதியுள்ளோம். மனோன்மணீயத்தின் நாங்கூழ்ப் பகுதியைப் படித்து, அதன்பின் அவத்தை இலக்கணத்தை எடுத்துரைத்து, மாணாக்கர் வினாக்கட்கு இடமளிப்பதே எம் நோக்கம். முகந்திருப்பாது விடை கூறும் ஆற்றலைத் திருவருள் நமக்கு நல்குமாக.

சிவம்.